கூட்டுக் கனவின் கடைத்தெரு

கனவு என்பது ஆளுக்கொன்று. கனவில் பொற்குவியலே கிடைத்தாலும் அதை விலைக்குக் கேட்க ஆள் வராது. விடிந்ததும் அதுவும் போய்விடும். பல்லாயிரம் பேர் ஒரே நேரத்தில் ஒரே கனவுக்குள் நுழைய முடிந்தால் கதை மாறிவிடும். நேற்று விட்ட இடத்திலிருந்து இன்று தொடரலாம், நேற்று வைத்த பொருள் வைத்த இடத்திலேயே இருக்கும், பக்கத்தில் நிற்பவருக்கும் அது தெரியும் என்றால், சில நாளிலேயே அங்கே கடை முளைக்கும். கடைக்குப் பின்னால் தரகர் வருவார், வட்டிக்கு விடுபவர் வருவார், கூலிக்கு ஆள் வருவார்கள்.

இதைக் கற்பனை செய்து பார்க்கவேண்டிய அவசியம் இல்லை. ஆயிரக்கணக்கானோர் சேர்ந்து புழங்கும் இணைய விளையாட்டு உலகங்கள் 1990களின் கடைசியிலிருந்தே இப்படித்தான் நடக்கின்றன. கண்ணைத் திறந்துகொண்டு காணும் கனவு என்பதுதான் வித்தியாசம். இவற்றைப் பற்றிப் பேச்செடுத்தால், "இல்லாத பொருளுக்கு யாராவது நிஜப் பணம் கொடுப்பார்களா?" என்று கேட்டுவிட்டு நகர்ந்துவிடுகிறவர்களே அதிகம். அந்தக் கேள்விக்குப் பதில் எப்போதோ கிடைத்துவிட்டது. அங்கே விலை நிஜம், உழைப்பு நிஜம், நஷ்டமும் நிஜம். வாங்கியவருக்கு வாங்கிய பொருள்மீது உள்ள உரிமை மட்டும்தான் இன்னும் நிஜமாகவில்லை. நாம் கவலைப்பட வேண்டியது அதைப் பற்றித்தான் என்பது என் கருத்து.

2001இல் எட்வர்ட் காஸ்ட்ரோனோவா என்ற அமெரிக்கப் பொருளியலாளர் எவர்க்வெஸ்ட் என்ற விளையாட்டை ஆராயப் புகுந்தார். 1999இல் வந்த அந்த விளையாட்டின் உலகத்துக்கு நோராத் என்று பெயர். ஆட்டக்காரர்கள் அங்கே அரக்கர்களைக் கொன்றும் பொருள்கள் செய்தும் பிளாட்டினம் நாணயம் சேர்ப்பார்கள். அந்த நாணயங்களும், வளர்த்தெடுத்த பாத்திரங்களும் ஈபே ஏலத்தில் டாலருக்குக் கைமாறிக்கொண்டிருந்தன. அந்த ஏல விலைகளை வைத்துக் காஸ்ட்ரோனோவா கணக்குப் போட்டார். ஒரு பிளாட்டினம் நாணயம் 1 சென்ட்டைச் சற்றுத் தாண்டியது. ஜப்பானிய யென்னைவிட மதிப்பு அதிகம். நோராத்தில் ஒரு மணி நேரம் உழைத்தால் சராசரி வருமானம் 3.42 டாலர். தலைக்கு ஆண்டு உற்பத்தி 2,266 டாலர். ரஷ்யாவுக்கும் பல்கேரியாவுக்கும் நடுவில் ஓர் இடம். அன்றைய இந்தியாவும் சீனாவும் அதற்குக் கீழே. எந்த வரைபடத்திலும் இல்லாத ஒரு நாட்டுக்குப் பொருளாதாரக் கணக்கு எழுதப்பட்டதும், பொருளியல் துறை இந்த உலகங்களை ஏறெடுத்துப் பார்க்கத் தொடங்கியது.

திரையில் தெரியும் வாளை நகலெடுக்கக் காசே ஆகாது. பிறகு ஏன் அதற்கு விலை? தனியாக ஆடும் விளையாட்டில் ரகசியக் குறியீட்டைத் தட்டினால் வேண்டிய மட்டும் தங்கம் கொட்டும். அந்தத் தங்கத்தை யாரும் யாரிடமும் விலைக்கு வாங்கியதில்லை. பார்ப்பதற்கு இன்னொருவர் இல்லாத இடத்தில் பொருளுக்குப் பெருமை இல்லை. கூட்டுக் கனவில் இன்னொருவர் பார்க்கிறார், அவரிடம் அது இல்லை, அதைச் சம்பாதிக்க அவருக்குப் பல இரவுகள் பிடிக்கும். பார்வை, பற்றாக்குறை, நேரம் ஆகிய மூன்றும் சேர்ந்தால் விலை பிறந்துவிடுகிறது. வேலைக்குப் போகிறவரிடம் பணம் இருக்கிறது, நேரம் இல்லை. கல்லூரி மாணவரிடம் நேரம் இருக்கிறது, பணம் இல்லை. இருவரும் சந்திக்கும் இடம்தான் சந்தை.

சான் ஃபிரான்சிஸ்கோவின் லிண்டன் லேப் நிறுவனம் 2003 ஜூனில் திறந்த செகண்ட் லைஃப் உலகத்தில் கொல்ல அரக்கர்கூட இல்லை. வெற்றி தோல்வி கிடையாது. போய் வாழலாம், அவ்வளவுதான். அங்கேயும் முதலில் சூடுபிடித்தவை தலைமுடி, செருப்பு, சட்டை, வீடு, மனை. சீனாவில் பிறந்து ஜெர்மனியில் வாழ்ந்த ஒரு பெண், ஆன்ஷி சங் என்ற அவதாரப் பெயரில் (அவதாரம் என்பது அந்த உலகில் ஒருவருக்காக நடமாடும் உருவம்), பெரிய நிலப்பரப்பை மொத்தமாக வாங்கி, மனை பிரித்து விற்றார், வாடகைக்கும் விட்டார். நம் ஊர் ரியல் எஸ்டேட்காரர்கள் செய்வதேதான். 2006 மே மாதம் அவருடைய அவதாரம் பிஸினஸ்வீக் இதழின் அட்டையில் வந்தது. அந்த ஆண்டு நவம்பரில், செகண்ட் லைஃபில் தன் சொத்து மதிப்பு 10 லட்சம் டாலரைத் தாண்டிவிட்டதாக அறிவித்தார்.

நாணயச் சாலை யார் கையில்?

கனவுச் சந்தையில் பணம் எங்கிருந்து வருகிறது என்பதைப் புரிந்துகொண்டால் மற்றவை தாமாகப் புரியும். ஓர் அரக்கனைக் கொன்றால் 10 பொன் விழுகிறது. அந்த 10 பொன்னை யாரும் தங்கள் பையிலிருந்து எடுத்துக் கொடுக்கவில்லை. அந்த நொடியில் புதிதாக அச்சானது. லட்சம் பேர் நாளெல்லாம் அரக்கர்களைக் கொன்றால் நாளெல்லாம் பணம் அச்சாகிறது. அதை உறிஞ்சி வெளியேற்ற வழி இல்லையென்றால் விலைவாசி ஏறிக்கொண்டே போகும். விளையாட்டு வடிவமைப்பாளர்கள் இதைக் குழாய், வடிகால் என்று பேசுவார்கள். பழுதுபார்க்கும் கூலி, பயணக் கட்டணம், சந்தை வரி எல்லாம் வடிகால்கள். வடிகால் பெரிதானால் ஆட்டக்காரர் சலித்துப்போய் வெளியேறுவார். குழாய் பெரிதானால் காசுக்கு மதிப்பு போய்விடும்.

1997 செப்டம்பரில் வந்த அல்டிமா ஆன்லைன் இதில் ஒரு பாடம். உலகத்தில் உள்ள இரும்பு, தோல், கம்பளி எல்லாவற்றுக்கும் மொத்த அளவு ஒன்றை நிர்ணயித்துவிடலாம் என்று அதன் வடிவமைப்பாளர்கள் திட்டமிட்டார்கள். பொருள் தேய்ந்து அழியும்போது மூலப்பொருள் காட்டுக்கும் சுரங்கத்துக்கும் திரும்பிவிடும், மறுபடி தோண்டலாம். காகிதத்தில் அருமையான ஏற்பாடு. மனிதர்கள் பதுக்குவார்கள் என்பதை மட்டும் அது கணக்கில் எடுக்கவில்லை. ஆட்டக்காரர்கள் செய்ததையும் கண்டெடுத்ததையும் வீட்டுப் பெட்டிகளில் அடைத்து வைத்தார்கள். பெட்டியில் கிடக்கும் சட்டை தேயாது; தேயாத சட்டையின் கம்பளி ஆட்டுக்குத் திரும்பாது. புதிதாக வந்தவர்கள் மண்வெட்டியோடு மலைக்குப் போனால் அங்கே தோண்ட ஒன்றுமில்லை. மூடிய சுழற்சியைக் கைவிட்டுவிட்டுக் குழாயைத் திறந்துவிடுவதைத் தவிர வேறு வழி இருக்கவில்லை. பிற்பாடு நிரல் பிழைகளைப் பயன்படுத்திப் பொன்னை இரட்டிப்பாக்கியவர்களால் பணவீக்கமும் வந்து சேர்ந்தது.

பிளிஸார்ட் நிறுவனம் டையப்லோ 3இல் வேறு வழியை முயன்றது. மக்கள் எப்படியும் கள்ளத்தனமாக விற்கிறார்கள், நாமே கடை போட்டுக் கொடுத்துத் தரகு வாங்கிக்கொள்வோம் என்று 2012 ஜூனில் நிஜப் பண ஏலக்கூடத்தைத் திறந்தது. சந்தை நன்றாகவே ஓடியது, அதுவே வினையாயிற்று. அரக்கனைக் கொன்று நல்ல ஆயுதம் கிடைக்குமா என்று காத்திருப்பதுதான் அந்த விளையாட்டின் உயிர். அதைவிட நல்ல ஆயுதம் ஏலத்தில் சில டாலருக்குக் கிடைக்கும்போது யார் காத்திருப்பார்கள்? 2014 மார்ச் 18 அன்று ஏலக்கூடத்தை மூடிவிட்டார்கள்.

இவ்வளவு அனுபவத்துக்குப் பிறகு நிறுவனங்கள் படித்தவர்களைத் தேடிப் போனதில் வியப்பில்லை. ஈவ் ஆன்லைன் என்ற விண்வெளி விளையாட்டை நடத்தும் ஐஸ்லாந்தின் சிசிபி நிறுவனம் 2007இல் முழுநேரப் பொருளியலாளர் ஒருவரை வேலைக்கு வைத்தது. வால்வ் நிறுவனம் 2012இல் யானிஸ் வரூஃபாகிஸை அழைத்து, தன் விளையாட்டுகளில் நடக்கும் பண்டமாற்றை ஆராயச் சொன்னது. அவர்தான் 2015 ஜனவரியில் கிரேக்க நாட்டின் நிதியமைச்சரானார். அவருக்குக் கனவுச் சந்தையில் இருந்த வசதி பெரியது: அங்கே ஒவ்வொரு பரிமாற்றமும் பதிவாகிறது, மாதிரிக் கணக்கெடுப்பே தேவையில்லை. எந்த நாட்டு மைய வங்கிக்கும் அப்படி ஒரு பார்வை வாய்த்ததில்லை. அதே பார்வை விற்கிறவருக்கும் வாங்குகிறவருக்கும் கிடையாது என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

கனவில் கூலிவேலை

சந்தை என்றால் வியாபாரிகளைப் பற்றித்தான் பேச்சு வரும். எனக்கு இதில் மனதைப் பிசைவது கூலிக்காரர்களின் கதை.

2007இல் பத்திரிகையாளர் ஜூலியன் டிபல் சீனாவின் நான்ஜிங் நகரில் ஒரு பட்டறைக்குப் போனார். கணினிகள் வரிசையாக இருக்கும் அறை. சட்டையைக் கழற்றிப்போட்டு இளைஞர்கள் வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட் ஆடுகிறார்கள். ஆடுகிறார்கள் என்றா சொல்வது? இரவு முழுக்க 12 மணி நேரம் ஒரே இடத்தில் நின்று, ஒரே எதிரிகளைத் திரும்பத் திரும்பக் கொன்று, விழும் பொன்னைப் பொறுக்குகிறார்கள். மாதத்தில் இரண்டு மூன்று இரவுகள்தான் விடுப்பு. 100 பொன் சேர்த்தால் தொழிலாளிக்கு 10 யுவான், அதாவது ஏறத்தாழ 1.25 டாலர். மணிக்குச் சுமார் 30 சென்ட் கூலி. முதலாளி அதை 3 டாலருக்கோ சற்றுக் கூடுதலுக்கோ இணைய வியாபாரியிடம் தள்ளுவார். அமெரிக்காவிலோ ஐரோப்பாவிலோ உள்ள ஆட்டக்காரர் கைக்குப் போகும்போது அதே 100 பொன்னுக்கு விலை 20 டாலர்வரை. தேயிலைத் தோட்டத்துக் கணக்கும் இந்தக் கணக்கும் ஒரே கையெழுத்தில் எழுதியது போலிருக்கும்.

ஆசிய நாடுகளில் இப்படிப் பொன் பொறுக்குபவர்கள் 4 லட்சம் பேர்வரை இருக்கலாம் என்று மான்செஸ்டர் பல்கலைக்கழகத்தின் ரிச்சர்ட் ஹீக்ஸ் 2008இல் மதிப்பிட்டார். இதன் ஆகக் கொடிய முகம் 2011இல் தெரிய வந்தது. சீனாவின் ஜிக்ஸி தொழிலாளர் முகாமில் கைதியாக இருந்த ஒருவர், பகலில் கல்லுடைத்ததாகவும் இரவில் விளையாட்டுக்குள் பொன் சேர்க்க வைக்கப்பட்டதாகவும், ஒதுக்கிய அளவை எட்டாவிட்டால் அடி விழுந்ததாகவும் கார்டியன் நாளிதழிடம் சொன்னார். காவலர்கள் அந்தப் பொன்னை விற்றுக் காசாக்கிக்கொண்டார்கள் என்பது அவர் சாட்சியம். இன்னொருவரின் பொழுதுபோக்குக்குள் ஒருவர் அடிமை வேலை பார்த்திருக்கிறார். இதற்குமேல் "வெறும் விளையாட்டு" என்று எப்படிச் சொல்வது?

வெனிசுவேலாவில் கதை வேறு மாதிரி. 2010களின் பிற்பகுதியில் பொலிவார் நாணயம் சரிந்து, மாதச் சம்பளம் சில டாலருக்குச் சுருங்கியது. ஓல்டு ஸ்கூல் ரூன்ஸ்கேப் என்ற பழைய விளையாட்டு பழைய கணினியிலும் ஓடும். பச்சை டிராகன்களைக் கொன்று எலும்பையும் தோலையும் விற்றுச் சேர்த்த பொன்னை வெளியாட்களிடம் மாற்றினால், அரசு வேலைச் சம்பளத்தைவிடக் கூடுதலாகக் கிடைத்தது. கனவு நாணயம் தாய்நாட்டு நாணயத்தைவிட உறுதியாக இருந்த காலம் அது. வசதியான நாடுகளின் ஆட்டக்காரர்கள் சிலருக்கு இது பிடிக்கவில்லை. தங்கள் விளையாட்டைப் பாழாக்குகிறார்கள் என்று சொல்லி, வெனிசுவேலாக்காரர்களை அடையாளம் கண்டு விளையாட்டுக்குள் வேட்டையாடுவது எப்படி என்று 2017இல் ஒருவர் வழிகாட்டியே எழுதினார்.

பிறகு கொரோனா முடக்கம். வியட்நாமின் ஸ்கை மேவிஸ் நிறுவனத்தின் ஆக்ஸி இன்ஃபினிட்டி என்ற விளையாட்டு பிலிப்பைன்ஸில் தெருத்தெருவாகப் பரவியது. மூன்று ஆக்ஸி பிராணிகள் இருந்தால்தான் ஆட முடியும். அதற்குக் காசு இல்லாதவர்களுக்கு வசதியுள்ளவர்கள் வாடகைக்குக் கொடுத்தார்கள். வாடகைக்கு எடுத்தவருக்கு ஸ்காலர் என்று பெயர், கொடுத்தவர் மேனேஜர். விளைச்சலில் பங்கு பிரித்துக்கொண்டார்கள். பெயரை நீக்கிவிட்டுப் பார்த்தால் இது குத்தகை விவசாயம். கூலியாகக் கிடைத்த எஸ்எல்பி டோக்கன், அதாவது அந்த விளையாட்டின் கிரிப்டோ நாணயம், 2021 ஜூலையில் 30 சென்ட்டைத் தாண்டியது. மூன்று சக்கர வண்டி ஓட்டியவர்களும் வேலை போன கடைச் சிப்பந்திகளும் அதில் குடும்பம் நடத்தினார்கள். குழாய் பெரியது, வடிகால் சிறியது என்பது அப்போதே தெரிந்த விஷயம்தான். எஸ்எல்பிக்கு இருந்த ஒரே பெரிய உபயோகம் புதுப் பிராணிகளை இனவிருத்தி செய்வது. புதுப் பிராணிகளை வாங்கப் புது ஆட்கள் வந்துகொண்டே இருக்க வேண்டும். வரவு குறைந்ததும் 2022 தொடக்கத்தில் டோக்கன் 1 சென்ட் அளவுக்கு வந்துவிட்டது.

அந்த ஆண்டு மார்ச்சில், விளையாட்டின் பணத்தை ஒரு கிரிப்டோ வலையிலிருந்து இன்னொன்றுக்கு மாற்றிய ரோனின் பாலம் என்ற மென்பொருளை உடைத்து 60 கோடி டாலருக்கு மேல் திருடிவிட்டார்கள். வட கொரியாவின் லாசரஸ் குழுவின் வேலை என்று அமெரிக்கப் புலனாய்வு நிறுவனமான எஃப்பிஐ சொன்னது. திருட்டு நடந்து ஆறு நாள் கழித்து, ஓர் ஆட்டக்காரர் தன் பணத்தை எடுக்கப் போய் எடுக்க முடியாமல் புகார் செய்தபோதுதான் நிறுவனத்துக்கே விஷயம் தெரிந்தது.

வங்கி, திருட்டு, நீதிமன்றம்

செகண்ட் லைஃபில் கிங்கோ ஃபைனான்ஷியல் என்று ஒரு வங்கி இருந்தது. ஆண்டுக்கு 40%க்கு மேல் வட்டி. 1990களில் தமிழ்நாட்டின் நிதி நிறுவனங்களைப் பார்த்தவர்களுக்கு அடுத்தது என்ன என்று சொல்லவேண்டியதில்லை. 2007 ஜூலையில் லிண்டன் லேப் சூதாட்டத்தைத் தடை செய்தது. பீதியடைந்தவர்கள் பணத்தை எடுக்கக் குவிந்தார்கள். ஆகஸ்டில் வங்கி விழுந்தது. மாட்டிக்கொண்டது ஏறத்தாழ 20 கோடி லிண்டன் டாலர் (செகண்ட் லைஃபின் நாணயம்), நிஜக் கணக்கில் சுமார் 7.5 லட்சம் அமெரிக்க டாலர். 2008 ஜனவரியில், நிஜ உலகில் உரிமம் பெறாத எவரும் அங்கே வட்டி தரும் வங்கி நடத்தக் கூடாது என்று நிறுவனம் உத்தரவிட்டது.

ஈவ் ஆன்லைனில் 2009இல் நடந்தது இன்னும் விசித்திரம். ஆட்டக்காரர்களே நடத்திய இபேங்க் வங்கியின் பொறுப்பாளர் ஒருவர் 20,000 கோடி ஐஎஸ்கே நாணயத்தைச் சுருட்டி, வெளியே விற்று நிஜப் பணமாக்கினார். வீட்டுக்கு முன்பணமும் மருத்துவச் செலவும் இருந்தது என்று அவர் காரணம் சொன்னார். நிறுவனம் அவரை வெளியேற்றியது, திருட்டுக்காக இல்லை. அந்த உலகத்தில் ஏமாற்றுவதும் கொள்ளையடிப்பதும் ஆட்டத்தின் பகுதி. நாணயத்தை நிஜப் பணத்துக்கு விற்றதுதான் விதிமீறல். வைப்புத்தொகை போட்டவர்களின் இழப்பு எந்தச் சட்டத்துக்குள்ளும் வரவில்லை.

இங்கேதான் உரிமைப் பிரச்சினைக்கு வருகிறோம். கூட்டுக் கனவின் சொந்தக்காரருக்கு உள்ள அதிகாரம் எந்த மன்னருக்கும் இருந்ததில்லை. சட்டம் இயற்றுவதும், நாணயம் அச்சிடுவதும், வழக்கு விசாரிப்பதும், நாடு கடத்துவதும், விரும்பினால் நாட்டையே இல்லாமல் செய்வதும் ஒரே நிறுவனம். பென்சில்வேனியாவைச் சேர்ந்த வழக்கறிஞர் மார்க் பிராக், ஏலத்தின் இணைய முகவரியை மாற்றிப்போட்டுச் செகண்ட் லைஃபில் மலிவாக நிலம் வாங்கினார் என்று சொல்லி, லிண்டன் லேப் 2006இல் அவர் கணக்கையே முடக்கியது. அந்த ஒரு மனையோடு, அதற்கு முன் முறையாக வாங்கி வைத்திருந்த எல்லாமே போயின. அவர் வழக்குப் போட்டார். பயனர் ஒப்பந்தத்தின்படி நீதிமன்றத்துக்கே வரக்கூடாது, நடுவரிடம்தான் போக வேண்டும் என்று நிறுவனம் வாதிட்டது. அந்த விதி ஒருதலைப்பட்சமானது, செல்லாது என்று 2007 மே மாதம் கூட்டாட்சி நீதிபதி தீர்ப்பளித்தார். நிலம் யாருக்குச் சொந்தம் என்ற கேள்வியை நீதிமன்றம் தொடுவதற்குள் இருதரப்பும் சமாதானமாகிவிட்டன.

அந்தக் கேள்வியின் ஒரு பாதிக்கு நெதர்லாந்து பதில் சொன்னது. 2007இல் லேவார்டன் நகரில் இரண்டு பையன்கள் சேர்ந்து ஒரு 13 வயதுச் சிறுவனை அடித்து, கத்தியைக் காட்டி மிரட்டி, ரூன்ஸ்கேப் விளையாட்டில் அவனிடமிருந்த தாயத்தையும் முகமூடியையும் கீழே போடவைத்து எடுத்துக்கொண்டார்கள். தொட முடியாத பொருளைத் திருடுவது எப்படிக் குற்றமாகும் என்று எதிர்த்தரப்பு கேட்டது. அந்தச் சிறுவன் நேரமும் உழைப்பும் போட்டுச் சேர்த்தவை, அவன் கட்டுப்பாட்டில் மட்டுமே இருந்தவை, ஆகவே அவை பொருளே, நடந்தது திருட்டே என்று உச்ச நீதிமன்றம் 2012 ஜனவரியில் உறுதி செய்தது. எனக்குத் தெரிந்து இந்தத் துறையில் வந்த ஆக நேர்மையான தீர்ப்பு இது. பக்கத்து வீட்டுப் பையன் எடுத்தால் திருட்டு. சர்வரை நடத்தும் நிறுவனமே எடுத்துக்கொண்டால் என்ன பெயர் என்பது அந்த வழக்கில் எழவில்லை.

நம் பிள்ளைகள் இதை நேரில் பார்த்துவிட்டார்கள். 2020 செப்டம்பரில் பப்ஜி மொபைல் தடைசெய்யப்பட்டு, அக்டோபர் 30 அன்று இந்தியாவில் சர்வர் அணைந்தபோது, யூசி என்ற அந்த விளையாட்டின் நாணயத்தை வாங்கிச் சேர்த்த உடைகளும், துப்பாக்கிக்கு அழகூட்டும் ஸ்கின்களும் ஒரே நாளில் கைக்கெட்டாமல் போயின. அடுத்த ஆண்டு அதன் இந்தியப் பதிப்பான பிஜிஎம்ஐ வந்தபோது பழைய கணக்கை மாற்றிக்கொள்ள ஒரு கெடு கொடுத்தார்கள். அது நிறுவனத்தின் வணிக முடிவு. யாருக்கும் சட்டப்படி இருந்த பாத்தியதை இல்லை. 2022 பிப்ரவரியில் ஃப்ரீ ஃபயர் என்ற இன்னொரு விளையாட்டுக்குத் தடை வந்தது. அரசு ஏன் தடை செய்தது என்பது தனி விவாதம். அப்பா போனிலிருந்து டைமண்டுக்கு (ஃப்ரீ ஃபயரின் நாணயம்) கட்டிய 400 ரூபாயைப் பற்றி அந்த விவாதத்தில் எங்கேயும் பேச்சு வரவில்லை.

யூபிசாஃப்ட் நிறுவனம் 2014இல் விற்ற தி க்ரூ என்ற கார் பந்தய விளையாட்டின் சர்வர்களை 2024 மார்ச் இறுதியில் அணைத்தது. காசு கொடுத்து வாங்கியவர்களால் தனியாகக்கூட ஆட முடியவில்லை. அந்தக் கோபத்தில் தொடங்கிய ஐரோப்பியக் குடிமக்கள் மனு 2025 ஜூலையில் 10 லட்சம் கையெழுத்துகளைத் தாண்டியது. ஆதரவை நிறுத்தினாலும் விளையாட்டை ஆடக்கூடிய நிலையில் விட்டுச் செல்ல வேண்டும் என்பதுதான் அவர்கள் கோரிக்கை. கலிஃபோர்னியாவில் 2025 ஜனவரி முதல் நடைமுறையில் உள்ள சட்டம் அவ்வளவு தூரம் போகவில்லை. திரும்பப் பறிக்கக்கூடிய உரிமத்தைத்தான் விற்கிறோம் என்றால், "வாங்குங்கள்" என்று பொத்தானில் போட்டுவிட்டுச் சும்மா இருக்கக் கூடாது, அதைத் தெளிவாகச் சொல்லிவிட வேண்டும் என்கிறது. யூசியும் டைமண்டும் விற்கும் திரையிலும் அந்த ஒரு வரி, தமிழில், விலைக்குப் பக்கத்திலேயே இருக்க வேண்டும்.